நேற்றைத் திருத்த இயலுமா?

சென்ற நாளை மீண்டும் கைப்பற்றி, வேறு விதமாக நடத்திவிட வேண்டும் என்னும் ஆசை மனித உள்ளத்திற்குப் புதிதன்று. ஒருவர் மறைந்த வீட்டில், ‘ஒரு நாள் முன்னதாக மருத்துவரிடம் அழைத்துச் சென்றிருந்தால்’ என்ற சொல் எழாமல் இருப்பதில்லை. பரம்பரை நிலத்தை விற்றவரும், உடன்பிறந்தாரோடு பேச்சை விட்டவரும் இதையே வேறு சொற்களில் சொல்லி வருந்துகின்றனர். இவ்வாசைக்கு நம் அறநெறியில் இடமுண்டா என்பதை ஈண்டு ஆராய்வோம்.

இவ்வாசையைக் கதையாக்கிய தமிழ்ப்படம் ஒன்று உண்டு. 2015ஆம் ஆண்டு ஆர். ரவிக்குமார் இயக்கி வெளிவந்த ‘இன்று நேற்று நாளை’ என்பது அது. 2065ஆம் ஆண்டில் செய்யப்பட்ட கால இயந்திரம் ஒன்று நம் காலத்து இளைஞர் இருவர் கையில் சிக்குகிறது. காணாமற்போன பொருள்களைப் பழைய நாளுக்குச் சென்று கண்டறிந்து, சோதிடத்தால் அறிந்ததாகக் கூறிப் பணம் ஈட்டுகின்றனர். அவ்வாறு சென்ற பயணமொன்றில் அவர்கள் அறியாமலே நிகழ்ச்சி மாறிவிடுகிறது. காவல்துறையால் சுடப்பட்டு இறந்திருந்த கொடியவன் ஒருவன் உயிர் பிழைத்துக்கொள்கிறான். அவனால் விளையும் துன்பம் அவர்கள் வாழ்விலேயே வந்து விழுகிறது.

ஓர் உயிர் பிழைத்ததைக் கேடு என்று நாம் சொல்லமாட்டோம். அவனுடைய வெகுளி குறையாமல் தொடர்ந்ததும், இளைஞருடைய உலோபம் அவர்களோடு பழைய நாளுக்கும் பயணம் செய்ததுமே கேடு. நாள் மாறியது, கஷாயம் மாறவில்லை.

அமெரிக்க எழுத்தாளர் ரே பிராட்பரி 1952ஆம் ஆண்டு வெளியிட்ட சிறுகதையும் இத்தகையதே. பல கோடி ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த பெருவிலங்கை வேட்டையாடச் சென்ற ஒருவன், அச்சத்தால் பாதையை விட்டு விலகி ஒரு வண்ணத்துப்பூச்சியை மிதித்துவிடுகிறான். திரும்பி வந்தால் நாட்டின் ஆட்சியும் எழுத்துமுறையும் மாறிக் கிடக்கின்றன. ஆட்சி மாறியதை எண்ணி உலகோர் வியப்பர். அருகன் நெறி நிற்போரோ அச்சிற்றுயிர் மாண்டதையே முதலில் எண்ணுவர். ஆட்சி மாறாமல் இருந்திருந்தாலும் கொலை கொலையே. வேட்டை விருப்போடு புறப்பட்டபோதே தீவினை ஊற்றெடுத்துவிட்டது.

காலம் என்பது ஆறு திரவியங்களுள் ஒன்று. பொருள்கள் மாறுவதற்கு அது துணை நிற்கும். தானாக எதையும் செய்யாது. குயவன் சக்கரத்தின் அடியிலுள்ள கல்லை ஆசிரியர்கள் இதற்கு உவமையாகக் காட்டுவர். பானை கோணிவிட்டது என்று அக்கல்லைத் திருப்பி வைப்பதால் பயன் என்ன? நாம் செய்த வினை நாட்காட்டியில் ஒட்டியிருக்கவில்லை. உயிரோடு கட்டுண்டு கிடக்கிறது.

அவ்வாறாயின் வினைப்பயன் வரும் காலத்தை மாற்றவே இயலாதோ எனின், இயலும். காலம் வந்து தானே பழுத்து உதிர்வது சவிபாக நிர்ஜரை. தவத்தால் முன்னரே பழுக்கச்செய்து உதிர்ப்பது அவிபாக நிர்ஜரை. மாங்காயைப் பறித்து வைத்துப் பழுக்கச்செய்தலை நூலோர் இதற்கு உவமை கூறினர். மாம்பழத்திற்குப் பெயர்பெற்ற சேலத்தை அடுத்து, கொல்லிமலை அடிவாரத்தில் அமைந்த சேந்தமங்கலத்தில் வாழ்வோர்க்கு இவ்வுவமையை விளக்க வேண்டுவதில்லை. வைக்கோலில் பொதிந்த காய் தன் சூட்டைத் தானே தாங்கிப் பழுக்கிறது. கார்பைடு கல் வைத்த காய்க்குத் தோலில் மஞ்சள், உள்ளே புளிப்பு, உண்பார்க்கும் தீங்கு. 2011ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு ஒழுங்குமுறைகள் அதனைத் தடுத்துள்ளன. தவம் வினையின் வெப்பத்தை ஏற்றுப் பொறுத்து விரைவில் முடிக்கிறது. கதையில் வரும் இயந்திரமோ, எதையும் பொறுக்காமலே பழத்தைக் கேட்கிறது.

படத்தின் பெயரிலுள்ள மூன்று சொற்களுக்கும் நம் ஆசாரியர் முன்னரே வழி வகுத்துள்ளனர். பொன்னூர் மலையோடு இணைத்து நம் மரபு போற்றும் குந்தகுந்தர், சமயசாரத்தில் சென்ற வினைக்குப் பிரதிக்கிரமணமும், நிகழும் வினைக்கு ஆலோசனையும், வரும் வினைக்குப் பிரத்தியாக்கியானமும் உரைத்தார். பிரதிக்கிரமணம் என்னும் சொல்லுக்கே திரும்பி வருதல் என்பது பொருள். நேற்றைய நாளுக்குத் திரும்புவதை அது கேட்கவில்லை. குற்றத்தில் சென்ற உயிர் தன் தூய நிலைக்குத் திரும்புவதையே கேட்கிறது.

இனி, ‘ஒரு நாள் முன்னதாக’ என்று வருந்தும் குடும்பத்திற்கு நாம் என்ன சொல்வது? எல்லாம் விதிப்படி என்று தள்ளிவிடுதல் நம் நெறியன்று. அகால மரணம் உண்டென்பதை நம் நூல்கள் ஒப்புகின்றன. ஆகவே கவனக்குறைவு குற்றமே. அவ்வாறு பிரமாதம் நேர்ந்திருப்பின் அதனை மறைக்காமல் குரவர் முன்னோ ஜினபிம்பத்தின் முன்னோ உரைத்து, வீட்டில் எஞ்சியுள்ள முதியோரிடத்தில் அது மீண்டும் நேராதவாறு உறுதி கொள்ளல் வேண்டும். அறிய இயலாத ஒன்றை அறியவில்லையே என்று நாள்தோறும் நைவதோ, அன்புக்குரியோரைப் பிரிந்ததால் வரும் ஆர்த்தத்தியானம். அது இறந்தாரையும் மீட்காது. இருப்போர்க்குப் புது வினையையும் கட்டும். இவ்விரண்டையும் பிரித்தறிவதே நற்காட்சி பெற்றோர் கடமை.

உடன்பிறந்தாரோடு பத்தாண்டு பேசாதிருந்ததை எந்த இயந்திரமும் அழிக்கவேண்டியதில்லை. தசலட்சண பர்வத்தின் முடிவில் ஊராரிடமெல்லாம் மன்னிப்பு வேண்டும் நாம், அந்த ஒரு வீட்டுப் படியை மட்டும் ஏறாமல் வருவது முறையாகுமா?

சாமாயிகத்திற்கு ஒரு முகூர்த்தம், அதாவது 48 நிமிடம், போதும். இன்றிரவு உறங்குமுன் அதனைக் கைக்கொண்டு, இன்று மனம் மொழி மெய்களால் எவ்வுயிரை வருத்தினோம் என எண்ணி, நாளை முதலில் எவரிடம் சென்று பேசவேண்டும் என்பதையும் உறுதி செய்துகொள்வோமாக.