செய்வித்தவர்க்கும் வினை உண்டு

செஞ்சிக் கோட்டையைப் பெற மொகலாயப் படை 1690 முதல் 1698 வரை முற்றுகையிட வேண்டியிருந்தது. அதே கோட்டையை 1750 செப்டம்பரில் பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸி ஓரிரவில் கைப்பற்றினார். புதுவையில் அவர் பெயரால் வீதியொன்று உண்டு. எனினும், அவர் வாளினும் சொல்லையே நம்பியவர். 1751இல் சலாபத் ஜங் நிஜாம் ஆவதற்குத் துணைநின்று, 1758 வரை அவ்வரசவையில் செல்வாக்குடன் விளங்கினார். 1753இல் வடசர்க்கார் பகுதிகள் நான்கினைப் பேச்சினாலேயே பெற்றார்.

போரின்றிப் பெற்றது ஹிம்சையின்றிப் பெற்றதாகுமா?

அப்பகுதிகளில் விஜயநகரம் அரசருக்கும் பொப்பிலி அரசருக்கும் நெடுநாட்பகை இருந்தது. புஸ்ஸி முன்னவர் பக்கம் சாய்ந்தார். 1757 ஜனவரி 24 அன்று பிரெஞ்சுப் பீரங்கிகள் பொப்பிலிக் கோட்டையைத் தகர்த்தன. பகைவர் கையில் அகப்படலாகாதென்று, கோட்டையிலிருந்தோர் தம் பெண்டிரையும் குழந்தைகளையும் தாமே கொன்று, பின் போரிட்டு மடிந்தனர். சில நாட்களில் விஜயநகரம் அரசரும் பாசறையிலேயே குத்திக் கொல்லப்பட்டார்.

"பகை அரசர்களுடையது, குழந்தைகளைக் கொன்ற கையும் புஸ்ஸியின் கையன்று" என்று சிலர் வாதிடலாம். நம் அறநூல்களோ, செய்தல், செய்வித்தல், உடன்படுதல் ஆகிய மூன்றினாலும் வினை வந்து சேரும் என்கின்றன. பீரங்கியை ஒருவர் பகைக்கு இரவல் கொடுத்தவர், அதன் பயனுக்கு அயலார் ஆகமாட்டார். அவரை அங்கு அழைத்துச் சென்றது பிறர் நிலத்தின்மீது கொண்ட பற்றே. அப்பற்றும் நிலைத்ததா? 1760இல் வந்தவாசிப் போரில் அவர் சிறைப்பட்டார். 1761இல் செஞ்சி ஆங்கிலேயர் வசமாயிற்று. அமெரிக்க விடுதலைப் போர்க்காலத்தில், 1783இல், மீண்டும் படையுடன் வந்தவர், 1785இல் புதுவையில் மறைந்தார். அடுத்த நான்காண்டுகளில், 1789இல், பிரான்சிலேயே புரட்சி வெடித்து, அவர் தொண்டு செய்த முடியாட்சியும் சரியத் தொடங்கிற்று.

செஞ்சிக்கு அருகிலேயே திருநாதர்குன்றும் இருக்கிறது. ஐம்பத்தேழு நாள் உண்ணாநோன்பிருந்து உயிர்நீத்த சந்திரநந்தி ஆசிரியரின் கல்வெட்டு அங்குள்ளது. ஒருவர் பிறர் நிலத்தை வேண்டினார். மற்றவர் தம் உடலின் மீதும் பற்றொழித்தார்.

நாம் கோட்டை பிடிப்பவரல்லோம். ஆயின், பாகப்பிரிவினையிலும் உறவினர் பூசலிலும் ஒரு பக்கம் சாய்ந்து, "விடாதே, வழக்குப் போடு" என்று தூண்டிவிட்டு, "நாம் என்ன செய்தோம்?" என ஒதுங்குகிறோம். கை செய்யாததை நம் சொல் செய்வித்ததா என்று நாள்தோறும் சிந்திப்போமாக.