கடனும் கருணையும்

கடனைத் தள்ளுவது கருணையா, நீதியா? 2016-இல் தமிழக அரசு சிறு, குறு விவசாயிகளின் கூட்டுறவுக் கடனைத் தள்ளிற்று. எல்லா விவசாயிகளுக்கும் தள்ளுமாறு 2017-இல் சென்னை உயர்நீதிமன்றம் பணித்தது. 2021-இல் உச்சநீதிமன்றம் அத்தீர்ப்பை நீக்கிற்று. நிலம் குறைந்தோனை முதலிற் கருதியது நேர்மையே. ஆனால் நிலமே இல்லாதவன்?

ஊவாத் தோட்டங்களின் பழைய கணக்கை நோக்குவோம். தமிழகத்திலிருந்து பதுளை மலைக்கு வந்த தொழிலாளியின் வழிச்செலவே அவன் தலையிற் கடனாக ஏறிற்று. கடன் தீர்ந்தாலன்றி வேறு தோட்டத்தில் வேலையில்லை என்ற 'துண்டு' முறை 1921-இல்தான் சட்டத்தால் ஒழிந்தது. காடழித்துத் தேயிலை நட்டவன் கடனாளியாம்! பெரிய கங்காணியின் ஏட்டிலுள்ள தொகை மெய்தானா என்று பார்க்கப் பெரும்பாலோர்க்கு எழுத்தறிவும் இல்லை. அத்தகைய கடனை நீக்குவதற்குத் 'தள்ளுபடி' என்ற சொல் எங்ஙனம் பொருந்தும்?