ஜெயிக்காத பெண்ணின் மதிப்பு

மும்பையின் பாண்டுப்பிலிருந்து லால் பகதூர் சாஸ்திரி சாலையில் தெற்கே போனால் குர்லாவில் காமானி சந்திப்பு வரும். அதே பெயர் கொண்ட, நொடித்துக் கிடந்த காமானி டியூப்ஸ் நிறுவனத்துக்கு 2006இல் தலைவரானவர் கல்பனா சரோஜ். மனமுடைந்த பெண்களுக்குத் தைரியம் சொல்ல அவர் கதையை எடுத்துச் சொல்வார்கள்.

விதர்பாவின் அகோலா மாவட்டத்தில் தலித் குடும்பத்தில் பிறந்தவர். குழந்தை மணத் தடுப்புச் சட்டம் 1929இலேயே வந்திருந்தும், 12 வயதில் மணமுடித்து மும்பைக் குடிசைப் பகுதிக்கு அனுப்பப்பட்டார். புகுந்த வீட்டில் அடியும் வசவும். சில மாதங்கள் கழித்துப் பார்க்க வந்த அப்பா, ஒரு போலீஸ் கான்ஸ்டபிள், மகளின் கோலம் கண்டு கையோடு கூட்டிப்போனார். ஊரோ அந்தச் சிறுமியைத்தான் ஏசியது. உயிரே வேண்டாம் என்ற நிலைக்குப் போய்ப் பிழைத்தவர், 16 வயதில் மீண்டும் மும்பைக்கு வந்து தையல் வேலையில் சேர்ந்தார். நாள் கூலி 2 ரூபாய். 2013இல் பத்மஸ்ரீ.

கேட்பவளுக்கு இது ஊக்கம் தரும். ஆனால் சொல்பவர்கள் அறியாமலே ஒரு நிபந்தனையும் போடுகிறார்கள்: ஜெயித்துக் காட்டு, பிறகு மதிக்கிறோம். வீட்டுச் சண்டையும் காதலித்தவன் கைவிட்ட வலியுமாகப் பாண்டுப் ஸ்டேஷனில் லோக்கல் ஏறி வேலைக்குப் போகிற பெண் எந்த ஆலைக்கும் தலைவராகப் போவதில்லை. அவள் மதிப்பு எதில் நிற்கும்?

அது அவள் மனதிலேயே இருக்கிறது என்பது பாதி உண்மைதான். சோறு போடும்போதெல்லாம் குத்திக்காட்டும் வீட்டில் இருப்பவளிடம் 'உன்னை நீயே மதி' என்று சொல்வது, மற்றவர்களின் கடமையையும் அவள் தலையில் கட்டுவது. சொந்தச் சம்பாத்தியம் பெரிய துணை. பிடிக்காத வீட்டைவிட்டுக் கிளம்ப அது வேண்டும். ஆனாலும் வேலை போன மாதத்தில் அவள் மதிப்பும் போய்விடுமா?

இந்தக் கதையில் அதிகம் பேசப்பட வேண்டியவர் அந்த அப்பா. அவர் அழைத்துவந்தபோது மகள் எதையும் சாதித்திருக்கவில்லை. பத்மஸ்ரீயை யாரும் கனவுகூடக் கண்டிருக்க முடியாது. மகள் என்பதே போதுமானதாக இருந்தது. கட்டிக்கொடுத்த தவறு அதனால் கழுவப்படாது. அவர் கதவைத் திறந்தும் ஊர்ப்பேச்சு அந்தப் பெண்ணைச் சாவின் விளிம்புவரை தள்ளியது. ஆகவே பொறுப்பு வீட்டோடு முடிவதில்லை. பெட்டியோடு அம்மா வீட்டுக்கு வந்தவளிடம் 'எப்போம்மா திரும்பிப் போறே?' என்று குழாயடியில் கேட்கும் சால் குடியிருப்புவாசிகளுக்கும் அதில் பங்குண்டு.