காயம் இருந்தும் மாசிலாமணி

ஓம் சரவணபவ!

1990களின் கடைசியில் சன் டிவியில் வந்த ‘மர்மதேசம் – விடாது கருப்பு’ தொடரை இப்போ யூடியூப்ல பார்க்கிறவங்க நம்மில் நிறைய பேர். இந்திரா சௌந்தர்ராஜன் கதை, நாகா இயக்கம். ராஜேந்திரனின் சின்ன வயசுக்கும் இன்றைக்குமா கதை மாறி மாறிப் போகும். ஊரே கருப்பு வர்றார்னு நடுங்கும். கடைசியில பார்த்தா, சின்ன வயசுல அவன் மனசுல புதைஞ்சதுதான் அவனுக்கே தெரியாம கருப்பா எழுந்து வருது.

“அந்த ஒரு நாள் மட்டும் திரும்பக் கிடைச்சா மாத்திடுவேன்”னு நாமும் ராத்திரியெல்லாம் புலம்புறோம். அப்பாகிட்ட பேசின ஒரு வார்த்தை, கைவிட்ட படிப்பு, ஏமாத்தின நட்பு. அதை முருகன் மாத்துவானா?

அம்பத்தூருக்கும் ஆவடிக்கும் நடுவுல இருக்கிற திருமுல்லைவாயிலுக்குப் போய்ப் பாருங்க. தொண்டைமான் மன்னனோட யானை காலில் முல்லைக்கொடி சுத்திக்கிச்சு. வாளால் வெட்டினான். உள்ளே இருந்த லிங்கத்தில் பட்டு ரத்தம் வந்தது. துடிச்சுப்போய் அதே வாளைத் தன் கழுத்தில் வச்சான். ஈசன் தோன்றித் தடுத்தார். நடந்ததை அழிக்கலை. வெட்டுக்காயம் இன்னைக்கும் இருக்கு, மேலே சந்தனக்காப்பு. ஆனா சுவாமி பேரு என்ன தெரியுமா? மாசிலாமணீஸ்வரர்! வெட்டுப்பட்டவருக்குத்தான் குற்றமே இல்லாத மணின்னு பேரு.

இந்தத் தலத்து முருகனையும் திருப்புகழில் பாடின அருணகிரிநாதர் கதையும் அதுதானே? பழசை நினைச்சு வெந்து, திருவண்ணாமலை கோபுரத்திலிருந்து குதிச்சார். முருகன் கையில் தாங்கினான். பழைய நாட்களைத் திருப்பிக் கொடுக்கலை. பாடுறதுக்கு நாக்கில் வேலால் எழுதினான். தன் பழைய குறையை அவர் மறைக்கவும் இல்லை, பாட்டிலேயே சொல்லி அழுதார்.

புதைச்சு வச்சா அது கருப்பா துரத்தும். அவன் முன்னாடி சொல்லி அழுதா அது திருப்புகழாகும். அதனால இந்த சஷ்டிக்கு ரெண்டு வேலை செய்யுங்க. முருகன்கிட்ட ஒளிக்காம சொல்லுங்க. அப்புறம், யாரை நோகடிச்சீங்களோ அவங்களுக்கு ஒரு போன் போடுங்க. வாழவே வேண்டாம்னு தோணினா தனியா இருக்காதீங்க; வீட்டுல ஒருத்தர்கிட்ட உடனே வாய்விட்டுச் சொல்லுங்க. தாங்குற கையை அவன் அப்படித்தான் அனுப்புவான்.

வெற்றிவேல் முருகனுக்கு அரோகரா!