வரததாசர்

சில பாடகர்களைக் கேட்டதும் அவர்களுடைய குருவின் பெயரைச் சொல்லிவிடலாம். எம்.டி. ராமநாதனைக் கேட்டால் எம்.டி. ராமநாதன் என்றுதான் சொல்லத் தோன்றும். இத்தனைக்கும் அவரளவுக்குக் குருபக்தியில் ஊறியவர்கள் குறைவு. 1923இல் பாலக்காட்டுப் பக்கம் மஞ்சப்ராவில் பிறந்து, பௌதிகம் படித்துவிட்டு, சென்னை கலாக்ஷேத்திராவில் டைகர் வரதாச்சாரியாரிடம் வந்து சேர்ந்தவர். பின்னாளில் தாமே இயற்றிய கீர்த்தனங்களில் வைத்த முத்திரை ‘வரததாச’.

யாருக்கும் இல்லாத பாணி. கையெழுத்து மட்டும் குருவின் அடிமை என்று. இதை நினைத்தால் இன்றும் வியப்பாக இருக்கிறது.

*

கனத்த சாரீரம். சுருதி ஒரு கட்டைக்கும் கீழே. பிர்காக்களைக் கொட்டிக் கைத்தட்டல் வாங்கும் தொண்டை அல்ல அது. அப்படிப்பட்டவர் விறுவிறுப்பாகப் பாட முயன்றிருந்தால் சுமாரான பாடகராகப் போயிருப்பார் என்றே நினைக்கிறேன். அவரோ தம் குரல் எங்கே இளைப்பாறுகிறதோ அங்கேயே பாட்டையும் உட்காரவைத்தார்.

*

‘சாமஜவரகமன’ எல்லோரும் பாடும் ஹிந்தோளக் கீர்த்தனம். மத்திம காலத்தில் துள்ளிக்கொண்டு போகும். ராமநாதன் அதை யானை நடக்கிற வேகத்தில் எடுக்கிறார். (பாட்டிலேயே யானை நடை இருக்கிறதே என்று பிறகுதான் உறைக்கிறது.) ஒரு சொல்லைப் பாடி, கார்வையில் நிறுத்தி, அடுத்த சொல்லை நாம் எதிர்பார்த்த இடம் தாண்டி வைக்கிறார். இடைவெளியில் மிருதங்கம் தனியாகக் கேட்கிறது. தெரிந்த பாட்டுத்தான், ஆனால் அடுத்து என்ன வரும் என்று தெரியவில்லை.

*

அவர் காலத்திலேயே ‘இழுக்கிறார்’ என்று முகம் சுளித்தவர்கள் உண்டு. முழுக்கத் தவறென்று சொல்ல மாட்டேன். சில நாள் எனக்கும் பொறுமை இருப்பதில்லை. ஆனால் அந்த முகச்சுளிப்புக்காக அவர் காலப்பிரமாணத்தைக் கூட்டவில்லை.

*

அவரைப் பின்பற்றிப் பாடுகிறவர்களிடம் விளம்பம் வந்துவிடுகிறது, கனம் வருவதில்லை. அவர் டைகரிடமிருந்து எடுத்துக்கொண்டது பாட்டை அணுகும் துணிச்சலை. இவர்கள் எடுத்துக்கொள்வது வேகத்தின் அளவை.

1984இல் மறைந்தார். பதிவுகள் நிறையவே கிடைக்கின்றன. கேட்டதில்லையென்றால் அந்த ஹிந்தோளத்திலிருந்து தொடங்குங்கள். முதல் ஐந்து நிமிஷம் மட்டும் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.