மூன்றாவது சொம்பு

டக்ளஸ் ஆடம்ஸ் படித்திருக்கிறீர்களா? 1978-ல் பி.பி.சி. ரேடியோவில் ஒலிபரப்பான ஒரு விண்வெளிக் கேலித் தொடரை எழுதி, அதையே நாவல்களாக்கிய இங்கிலாந்துக்காரர். 2001-ல், 49 வயதில் போய்விட்டார்.

1980-ல் வந்த அவருடைய இரண்டாவது நாவலில் ஒரு ஓட்டல் வருகிறது. பிரபஞ்சம் முடிகிற இடத்தில், காலத்தின் கடைசி நிமிஷத்தில் கட்டியது. தினம் ராத்திரி பிரபஞ்சம் அழிவதை வேடிக்கை பார்த்துக்கொண்டே சாப்பிடலாம். (பில் ஒரு பிரச்னையே இல்லை. உங்கள் காலத்து பாங்கில் ஒரு பென்னி போட்டுவிட்டு வந்தால், வட்டி குட்டி போட்டுச் சாப்பாட்டுச் செலவுக்குச் சேர்ந்திருக்கும்!)

அங்கே ஒரு சடங்கு. இன்றைய ஸ்பெஷல் எதுவோ, அதுவே உங்கள் மேஜைக்கு நடந்து வந்து வணக்கம் சொல்லும். மாடு மாதிரி கொழுத்த பிராணி, ஈரமான பெரிய கண்கள். தோள் பக்கக் கறி வெள்ளை ஒயினில் நன்றாக இருக்கும், ஈரலும் பக்குவமாக இருக்கிறது என்று தன்னைத்தானே சிபாரிசு செய்யும். சாப்பிடப்பட வேண்டும் என்று ஆசைப்படவும், அந்த ஆசையை வாய்விட்டுத் தெளிவாகச் சொல்லவும் என்றே வளர்க்கப்பட்ட இனம் அது.

பூமியிலிருந்து போன ஆர்தருக்குக் குமட்டுகிறது. கூட உட்கார்ந்திருக்கும் ஜாஃபோட் கேட்கிறான்: சாப்பிடப்பட விரும்பாத பிராணியைத் தின்பதைவிட இது மேல் இல்லையா? ஆர்தரிடம் சரியான பதில் இல்லை. பச்சைக் காய்கறி சாலட் போதும் என்கிறான். மற்றவர்களுக்காக அந்தப் பிராணி தன்னைச் சுட்டுக்கொள்ள சந்தோஷமாகக் கிளம்புகிறது. வலிக்காமல் பார்த்துக்கொள்கிறேன் என்று ஆர்தருக்கு ஆறுதல் வேறு.

சிரித்துவிட்டுப் புத்தகத்தை மூடிவிடலாம்தான். ஆனால் இந்தப் பிராணியை நான் ஏற்கெனவே பார்த்திருக்கிறேன். உங்களில் பல பேரும் பார்த்திருப்பீர்கள்.

குலதெய்வம் கோயிலில் கிடா வெட்டு. மாலை போட்டு நிறுத்தி மஞ்சத்தண்ணி ஊற்றுவார்கள். ஆடு உடம்பைச் சிலிர்த்துத் தலையை உதறினால் ‘துலுக்கிருச்சு!’ என்று கூட்டம் சத்தம் போடும். சாமி உத்தரவு கொடுத்தாச்சு, ஆடும் ஒப்புக்கொண்டாச்சு. அப்புறம்தான் அரிவாள். பழைய கிரேக்கர்களும் பலிக்கு முன் தண்ணீர் தெளித்தார்கள். விலங்கு தலையசைத்தது சம்மதம்தானா, இல்லையா என்று பேராசிரியர்கள் இன்னும் சண்டை போடுகிறார்கள். நம் ஊரில் அவ்வளவு சந்தேகம் கிடையாது. துலுக்கவில்லையா, இன்னொரு சொம்பு ஊற்று. அதற்கும் அசையவில்லையா, இன்னொன்று. நனைந்தால் எந்த ஆடும் உதறும் என்பது ஆடு மேய்க்கிறவனுக்குத் தெரியாதா என்ன?

நான் கேலி செய்யவில்லை. அந்தப் பந்தியில் உட்கார்ந்து இரண்டாம் தடவை குழம்பு கேட்டு வாங்கியவன்தான் நானும். ஒரு உயிரை எடுக்கும்முன் கேட்கவேண்டும் என்றாவது அவர்களுக்குத் தோன்றியிருக்கிறதே. பிராய்லர் கோழிக்கு அரை சொம்புத் தண்ணீர்கூட இல்லை.

சரி, ஜாஃபோட் கேட்ட கேள்விக்கு வருவோம். அந்தப் பிராணி நடிக்கவில்லை. அதற்கு நிஜமாகவே ஆசை. பின்னே நமக்கு ஏன் குமட்டுகிறது? அந்த ஆசையை இன்னொருவர் வைத்துவிட்டார் என்பதாலா? அப்படிப் பார்த்தால் நம் ஆசைகளில் எது நாமே வைத்துக்கொண்டது? காலையில் எனக்கு ஃபில்டர் காபி இல்லாமல் முடியாது. அது என் அம்மா வைத்த ஆசை. அதில் குற்றம் ஒன்றும் இல்லை. அந்த ஓட்டலில் ஆசையை வைத்தவர்களும் கறியைத் தின்பவர்களும் ஒரே பக்கத்து ஆசாமிகள். இடிக்கிற இடம் அதுதான்.

அமர்த்தியா சென் மனிதர்களைப் பற்றி இதே மாதிரி ஒன்றைச் சொன்னார். ரொம்ப நாள் இல்லாமையில் இருப்பவர்கள், முக்கியமாகப் பெண்கள், கிடைக்கிற அளவுக்குத் தங்கள் ஆசையையே வெட்டிக்கொண்டு விடுகிறார்கள். ‘எனக்கு ஒரு குறையும் இல்லை’ என்று அவர்கள் சொல்வதை மட்டும் வைத்துக் கணக்குப் போடாதீர்கள் என்றார்.

என் அக்கா எஸ்.எஸ்.எல்.சி.யோடு நின்றவள். “எனக்குப் படிப்பு ஏறலைப்பா, தம்பி படிக்கட்டும்” என்று அவளேதான் சொன்னாள். யாரும் அடிக்கவில்லை, மிரட்டவில்லை. அந்தக் காசில்தான் நான் காலேஜ் போனேன். ஐம்பது வருஷமாக எங்கள் வீட்டு விசேஷங்களில் இது அவளுடைய பெருந்தன்மைக்கு உதாரணமாகச் சொல்லப்படுகிற கதை. அவளும் சிரித்துக்கொண்டே கூடச் சேர்ந்து சொல்லுவாள்.

போன மாசம் அவள் வீட்டுக்குப் போயிருந்தேன். ஒன்பதாவது படிக்கும் பேத்தி தூங்கிவிட்டாள். அக்கா அவளுடைய கணக்குப் புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு, பின்பக்க விடைகளைப் பார்க்காமல், ஒவ்வொரு கணக்காகப் போட்டுக்கொண்டிருந்தாள். ஒரு பழைய டைரி பாதிக்குமேல் நிரம்பியிருந்தது.

“என்னக்கா இது?”

“பொழுது போகலைடா.”

கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். கேட்காமல் இருக்க முடியவில்லை.

“அக்கா, அப்பா அன்னிக்கு உன்கிட்ட சம்மதமான்னு எத்தனை தடவை கேட்டார்?”

“மூணு தடவை” என்றாள், நோட்டிலிருந்து நிமிராமல்.