கத்தரி ஏந்திய கை

திரைப்படம் பார்த்து மகிழ்வோர் நடிகரைப் போற்றுவர். சற்று விஷயமறிந்தோர் நெறியாளரையும் நினைப்பர். இருட்டறையில் அமர்ந்து சுருளை வெட்டி ஒட்டியவரை நினைப்பார் அரியர். ஒட்டு கண்ணிற் பட்டுவிட்டால் வேலை கெட்டது என்பதே அத்தொழிலின் வழக்கு.

சுமித்ரா பீரிஸ் அத்தொழிலில் வளர்ந்தவர். இலண்டனிற் பயின்று மீண்டு, 'சந்தேசய' (1960) படத்தில் உதவி நெறியாளராயிருந்து, பின்னர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'கம்பெரலிய'வைத் தொகுத்தார். ஒரு செக்கன் ஓட்டத்துக்கு 24 சட்டங்கள். 35 மில்லிமீற்றர் சுருளில் அது ஒன்றரை அடி. ஒரு நிலவுடைமைக் குடும்பத்தின் சரிவைக் கூறும் அப்படத்தில், எந்த முகத்தை எத்தனை அடி நிற்கவிடுவது என்பதே பாதிக் கதை. 1978இல் 'கெஹெனு லமாய்' மூலம் தாமே நெறியாளரானார், 2023இல் மறைந்தார்.

வெட்டாமற் கலையில்லை. ஆயின் வெட்டுண்டதற்கு வெட்டியவர் பொறுப்பாளி ஆவாரா? திரையில் நின்றதை மட்டும் மதிப்பிடுக என்பர் சிலர். தரையில் விழுந்தது வெறுஞ் சுருளானால் நானும் உடன்படுவேன்.

'கம்பெரலிய' தங்க மயில் விருது பெற்றது 1965 ஜனவரியில், புதுடில்லியில். அதே நகரில், மூன்று மாதங்களுக்கு முன், 1964 ஒக்டோபர் 30ஆம் நாள், சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தாயிற்று. 5,25,000 பேர் அங்கே, 3,00,000 பேர் இங்கே, எஞ்சிய 1,50,000 பேரைப் பின்னர் பார்த்துக்கொள்வோம் என்றனர். 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டம் நாடற்றவராக்கிய மலையக மக்களே அவர்கள். வெட்டப்பட்டவரை எவரும் கேட்கவில்லை. படத்தொகுப்பாளர் ஒவ்வொரு துண்டையும் பலமுறை பார்த்த பின்னரே கத்தரியை எடுப்பார். இங்கே அந்தக் குறைந்தபட்ச மரியாதைகூட இல்லை.

அதற்கு முப்பது ஆண்டுகளுக்கு முன், தேயிலைப் பிரசார சபையின் பணத்தில், பசில் றைற் 'சோங் ஒவ் சிலோன்' (1934) படத்தை எடுத்துத் தாமே தொகுத்தார். அதன் மூன்றாம் பகுதியிலே வணிகத்தின் குரல்கள் ஒலிக்கின்றன. கொழுந்து பறிக்கும் பெண்களின் உருவங்கள்மீது சந்தை நிலவரம் ஓதப்படுகிறது. விளம்பரத்துக்கென எடுத்த படத்தில் இவ்வாறு ஒட்டியது துணிவே என்பேன். எனினும் அப்பெண்களுள் ஒருத்திக்கும் பெயரில்லை.

இதை நானாகக் கண்டுகொள்ளவில்லை. ஹற்றனுக்கு அண்மையில் நான் கற்பிக்கும் வகுப்பில் அப்படத்தைக் காட்டியபோது, லயத்திலிருந்து வரும் மாணவி ஒருத்தி, "சேர், அந்த அம்மா பேரு என்னா?" என்று கேட்டாள். ஒளியமைப்பையும் ஒலியமைப்பையும் விளக்க ஆயத்தமாயிருந்த எனக்கு விடையில்லை.

ஆசிரியனும் தொகுப்பாளனே. பரீட்சையிற் சித்தியடையக்கூடியவர்களை முன்வாங்கில் இருத்தி, மற்றவர்களைப் பின்வாங்கிலே விட்டுப் பாடத்தை முடிக்கிறேன். நேரமில்லை என்கிறேன், பொய்யன்று. ஆயினும் இவ்வாண்டு தை மாதம் முதல் வராத இரு மாணவர் எங்கே போயினர் என்பதை நான் விசாரிக்கவில்லை. கொழும்பில் ஒரு கடையில் நிற்கின்றனர் என்று, கேளாமலே, அவள்தான் சொன்னாள்.

அந்தப் பகுதியை மறுபடி ஓட்டச் சொன்னாள். ஓட்டினேன். விரைந்த விரல்கள், கூடை, அவற்றின்மேல் விலை கூறும் குரல். மூன்றாம் முறை ஒலியை நிறுத்திவிட்டுப் பார்த்தோம்.